சிங்காரவேலு ஐயா ஏறி உட்கார்ந்த கல்

கோர்ட் ஹாலில் மாட்டுவதற்காக வரைந்திருக்கும் படத்தில் சிங்காரவேலு ஐயாவுக்குத் தொப்பியைக் காணோம். தலையில் சரிகைத் தலைப்பாகை, தோளில் அங்கவஸ்திரம், முகத்தில் ஒரு சாந்தம். அந்தச் சாந்தத்தை நான் அவர் முகத்தில் ஒருநாள்கூடப் பார்த்ததில்லை. படத் திறப்பு விழாவுக்கு மலர் ஒன்று போடுகிறார்களாம். இப்போது கோர்ட்டில் இருக்கும் இளம் குமாஸ்தாக்கள் இரண்டு பேர் என் வீடு தேடி வந்து, "ஐயாகிட்ட பெஞ்சு கிளார்க்கா இருந்தவரு நீங்க ஒருத்தர்தான் சார் மிச்சம். நாலு பக்கம் எழுதிக் குடுங்க" என்றார்கள். புகழ்ந்து எழுத வேண்டுமா, நடந்ததை எழுத வேண்டுமா என்று கேட்டேன். ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டு, "அது உங்க இஷ்டம் சார்" என்றார்கள். மாட்டிக்கொண்டார்கள்.

கொடைக்கானல் கோர்ட்டில் நான் நகல் எழுதுகிறவனாகச் சேர்ந்தேன். விரல் விறைத்துப்போகும் குளிரில் பழைய தீர்ப்புகளைப் பார்த்துப் பார்த்து எழுதியே சட்டம் கற்றேன். சாட்சிக்குச் சத்தியப் பிரமாணம் செய்து வைக்க, வழக்குக் கட்டுகளைப் பிரித்துக் கொடுக்க, மாஜிஸ்திரேட்டின் புருவம் எந்தப் பக்கம் ஏறுகிறது என்று பார்த்து வாய்தாத் தேதியைக் குறித்து வைக்க, எல்லாம் பழகியபின் பெஞ்சு கிளார்க் ஆனேன். என் பயிற்சியைப் பற்றி இவ்வளவு போதும். மலரில் என் படம் வரப்போவதில்லை.

சிங்காரவேலு ஐயா அப்போது வக்கீல். கீழேயிருந்து மலையேறி வந்தவர். வாட்டசாட்டமான உடம்பு, அதைவிடப் பெரிய குரல். கேஸ் எதுவாக இருந்தாலும் குரல் ஒன்றுதான். மாடு மேய்ந்த வழக்கும் கொலை வழக்கும் அவர் வாயில் ஒரே மாதிரிதான் ஒலிக்கும். ஒரு சீசன் முடிவில், ஊருக்குத் திரும்பும் அமெரிக்க மிஷன் அம்மாள் ஒருத்தி தன் வீட்டுச் சாமான்களை வாசலில் பரப்பி விற்றாள். எல்லாரும் கம்பளியும் கெட்டிலும் வாங்கிவர, இவர் ஒரு தடித்த புத்தகமும் அகலமான ஒரு தொப்பியும் வாங்கி வந்தார். எங்களைப் பிடித்த சனிக்கு அன்றுதான் ஆரம்பம்.

புத்தகத்தை நான் படித்ததில்லை. படிக்க வேண்டிய அவசியமும் இல்லாமல் அவர் வாயால் பல தடவை கேட்டாயிற்று. அமெரிக்காவின் மேற்குக் கோடியில், சட்டம் இன்னும் போய்ச் சேராத ஒரு சீமையில், கையில் காசில்லாமல் போய் இறங்கிய ஒரு மனிதரின் வாழ்க்கை. முதலில் வக்கீல். பிறகு ஊர் கூடித் தேர்ந்தெடுத்த தலைவர். கடைசியில் நீதிபதி. குதிரையில் ஏறி ஊர் ஊராகப் போய், மரத்தடியில் கோர்ட் வைத்துத் தீர்ப்புச் சொன்னவராம். அவர் வளர்த்த பன்றி பக்கத்து வீட்டுக்காரனின் சோளத்தைத் தின்றுவிட, தானே கூண்டில் ஏறி நின்று தனக்கே அபராதம் போட்டுக்கொண்டு, மறுபடி இறங்கி வந்து நாற்காலியில் உட்கார்ந்தாராம். இந்தப் பன்றிக் கதையைச் சொல்லும்போது மட்டும் ஐயாவுக்குக் கண் கலங்கும்.

"அந்த ஊருக்கும் நம்ம மலைக்கும் என்னய்யா வித்தியாசம்? அங்கயும் காட்டெருமை, இங்கயும் காட்டெருமை" என்பார். கடைவீதியில் துணிக்கடை வைத்திருந்த மீரான் ராவுத்தர் அவருக்கு 'அமெரிக்கா வக்கீல்' என்று பெயர் வைத்தார். கேலிக்கு வைத்த பெயர். ஐயா அதைப் பட்டமாக எடுத்துக்கொண்டார்.

இனி அந்தக் கல்லுக்கு வருகிறேன்.

பேத்துப்பாறைப் பக்கம் ஓர் எஸ்டேட். காப்பியும் ஆரஞ்சும். அதன் நடுவே ஒற்றையடிப் பாதை ஒன்று போகும். கிராமத்துப் பெண்கள் பீன்ஸும் பேரிக்காயும் தலையில் சுமந்துகொண்டு கொடைக்கானல் சந்தைக்கு வருவது அந்த வழியாகத்தான். அதை விட்டால் மலையைச் சுற்றிக்கொண்டு வர வேண்டும். வந்து சேர்வதற்குள் பீன்ஸ் துவண்டிருக்கும், வியாபாரியும் கடையைக் கட்டியிருப்பான். ஏற்றம் முடியும் இடத்தில் ஒரு சுமைதாங்கி நின்றது. நெஞ்சுயரத்துக்கு இரண்டு கல் நட்டு, மேலே ஒரு நீளக் கல்லைப் படுக்க வைத்தது. தனியாக வருகிறவள் அடுத்தவர் கையை எதிர்பார்க்காமல் சுமையை அதில் சாய்த்து இறக்கலாம், இளைப்பாறியபின் தானே தலைக்கு வாங்கிக்கொள்ளலாம். வயிற்றுப் பிள்ளையோடு செத்துப்போன பெண்ணுக்காகத்தான் நம் பக்கத்தில் சுமைதாங்கி நடுவார்கள். அவள் இறக்காமல் கொண்டுபோன பாரம், வழிப்போக்கர் பாரம் இறங்க இறங்க இறங்கும் என்று ஒரு நம்பிக்கை. இந்தக் கல் பொன்னுத்தாய் என்பவளுக்காக நட்டது. அவள் தங்கை பேச்சியம்மா அதே பாதையில் சந்தைக்குச் சுமந்துகொண்டிருந்தாள்.

எஸ்டேட் கைமாறியது. புதிதாக வாங்கியவர்களுக்குத் தோட்டத்துக்குள் பாதை இருப்பது பிடிக்கவில்லை. அப்படி ஒரு பாதையே கிடையாது என்று கீழே முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போட்டார்கள். அவர்களுக்கு வக்கீல் நம் ஐயா. பாதை இல்லை என்று சொல்லிவிடலாம், சுமைதாங்கியை என்ன செய்வது? அது முன்பு இருந்த வெள்ளைக்கார துரை, தன் துரைசானி உட்கார்ந்து அஸ்தமனம் பார்ப்பதற்காகப் போட்டுக் கொடுத்த கல் ஆசனம் என்று வாதாடினார். இடத்தைப் பார்த்து அறிக்கை எழுத கோர்ட் அனுப்பிய வக்கீல் கமிஷனர், எஸ்டேட் பங்களா வராந்தா வரைக்கும் வந்தார். மழை பெய்தது. காப்பி நன்றாக இருந்தது. 'கல் ஆசனம் ஒன்று உள்ளது' என்று எழுதிக்கொண்டு இறங்கிப் போய்விட்டார். பாதை இல்லை என்று தீர்ப்பாயிற்று. மறு வாரமே முள்கம்பி வேலி வந்தது.

அடுத்து ஜில்லா போர்டு தேர்தல். புத்தகத்தின் இரண்டாம் பாகம் தொடங்கிவிட்டது என்று ஐயா வேட்பாளராக நின்றார். தேர்தல் வேலையாக அந்தப் பக்கம் போயிருந்த நான் இதைக் கண்ணால் பார்த்தவன். கொட்டு மேளத்தோடு, அதே வேலியை ஆட்கள் தூக்கிப் பிடிக்க, குனிந்து நுழைந்து அதே பாதையில் நடந்து வந்தார். தன் கழுத்து மாலையைக் கழற்றிச் சுமைதாங்கிமேல் போட்டார். கூட்டத்தில் நின்ற பேச்சியம்மாவைப் பார்த்து, "தாயி, இது உங்க வீட்டுப் பொண்ணு நின்னுக்கிட்டு இருக்கா. நான் செயிச்ச மறுநாள் இந்த வேலி இங்க கெடக்காது" என்றார். பெண்கள் குலவையிட்டார்கள். இவர் ஜெயித்தார். வேலி கிடந்தது. கேட்டவர்களுக்கெல்லாம் விஷயம் பரிசீலனையில் இருப்பதாகச் சொன்னார். ஜில்லா போர்டே கலைந்துபோகும் வரை அது பரிசீலனையில் இருந்தது.

பதவி போனவர்களுக்கு ஆறுதலாக அரசாங்கம் அப்போது ஒன்று வைத்திருந்தது. கௌரவ மாஜிஸ்திரேட். சம்பளம் கிடையாது, நாற்காலி உண்டு. மூன்றாம் பாகமும் வந்துவிட்டது.

அவர் கோர்ட் நடத்திய விதத்தை இந்தத் தலைமுறை தெரிந்துகொள்ள வேண்டும். காலையில் உள்ளே வந்ததும் தொப்பியைக் கழற்றி மேஜைமேல் வைப்பார். கட்டுகளை நான் தொப்பியைச் சுற்றித்தான் அடுக்க வேண்டும். யூகலிப்டஸ் கட்டையில் கடைந்த ஒரு சுத்தியல் வைத்திருந்தார். இந்தத் தேசத்தில் எந்தக் கோர்ட்டிலும் நான் அதைக் கண்டதில்லை. "அமைதி!" என்று அதால் மேஜையில் ஓர் அடி அடிப்பார். பெரும்பாலும் அந்த நேரத்தில் அமைதியாகத்தான் இருக்கும். மைக்கூடு எகிறும், டவாலிச் சேவகர் கருப்பையா தூக்கம் கலைந்து யார் பெயரையாவது மூன்று முறை கூப்பிட்டுவிடுவார். குற்றம் சாட்டப்பட்ட எதிரி ஆஜரானதும் முதலில் பன்றிக் கதை. அதன்பின் குற்றச்சாட்டு. விறகு திருடியவன், சீட்டாடியவன், வாசலில் குப்பை கொட்டியவன் எல்லாரும் அந்தக் கதையைக் கைகட்டிக் கேட்டார்கள். சிலர் அதுதான் தண்டனை என்று நினைத்துப் புறப்பட்டும் போனார்கள்.

பேச்சியம்மா ஒருநாள் அந்தக் கூண்டில் வந்து நின்றாள். எஸ்டேட் மானேஜர் கொடுத்த புகார். வேலிக்குள் அத்துமீறி நுழைந்தது குற்றம். அவளுக்கு வக்கீல் இல்லை. அவளுக்குப் பின்னால் வாசலில் கிராமத்துப் பெண்கள் நின்றார்கள். இவளுக்குத் தண்டனை என்றால் அத்தனை பேருக்கும் அந்த வழி நிரந்தரமாக அடைபட்டுப்போகும் என்பது அவர்களுக்குத் தெரியும்.

"உள்ள போனது நெசமா?" என்றார் ஐயா.

"நெசந்தாங்கய்யா. வெள்ளனே போனாத்தான் சந்தையில சரக்கு போகும். சுத்திப் போனா எல்லாம் வாடிப் போகுது. எங்கக்கா கல்லுல சொமையை எறக்கி வச்சேன். அதுக்குள்ள புடிச்சுக்கிட்டாக."

"அது கல்லு இல்ல. ஆசனம். கோர்ட்டு சொன்ன தீர்ப்பு இருக்கு."

"நீங்கதானேய்யா மாலை போட்டுட்டு, எங்க வீட்டுப் பொண்ணுன்னு சொன்னீக?"

சுத்தியல் விழுந்தது. மைக்கூடும் விழுந்தது.

இடைவேளையில் அவர் அறைக்குப் போனேன். "ஐயா, இதே பாதை வழக்குல நீங்க வக்கீலா ஆஜராயிருக்கீங்க. அதே பாதையில ஓட்டும் கேட்டிருக்கீங்க. வேற கோர்ட்டுக்கு மாத்தச் சொல்லி எழுதிரலாங்க" என்றேன். அதுதான் முறை. எந்த நீதிபதியும் செய்யக்கூடியது. அவர் ஜன்னல் வழியே தூரத்தைப் பார்த்தார். "அந்த அமெரிக்கா ஜட்ஜுக்கு அடுத்த கோர்ட்டு எங்கய்யா இருந்துச்சு? காட்டுக்கு அப்பால" என்றார். பிறகு திரும்பி, "நாளைக்குக் காலையில ஸ்தலத்துக்கே போவோம். குதிரைக்குச் சொல்லு" என்றார். எஸ்டேட்டிலிருந்து சீசன் தவறாமல் அவர் வீட்டுக்கு ஆரஞ்சுக் கூடை வருவது எனக்குத் தெரியும். தண்டனை என்று அவர் முன்பே முடிவு செய்திருந்தார் என்பதும் தெரியும். இருந்தும் குதிரைக்குச் சொன்னேன்.

ஏரியில் சவாரிக்கு விடும் குதிரைதான் கிடைத்தது. ஏரிக் குதிரைகளுக்கு இரண்டு பழக்கம் உண்டு. பாதி தூரத்தில் தானாகத் திரும்பும், சவாரிக்காரர் இறங்கினால் தன் இடத்துக்குப் போய்விடும். வழியெல்லாம் அது ஏரிப் பக்கம் திரும்பிக்கொண்டே இருந்தது. குதிரைக்காரர் கயிற்றைப் பிடித்து இழுத்து வந்தார். தொப்பியோடு ஐயா மேலே. பின்னால் நானும் கருப்பையாவும் ஒரு கான்ஸ்டபிளும் கட்டுகளைச் சுமந்துகொண்டு கீழே. குதிரைக்காரர் எஸ்டேட் வாசலோடு கயிற்றை ஐயா கையில் கொடுத்துவிட்டு டீ குடிக்க நின்றுகொண்டார்.

சுமைதாங்கியருகே மானேஜர் ஜீப்போடு காத்திருந்தார். பேச்சியம்மா வந்திருந்தாள். வேலிக்கு வெளியே, சந்தைக்குக் கிளம்பிய சுமையோடு பெண்கள் வரிசையாக நின்றார்கள். வக்கீலாகவும் வேட்பாளராகவும் அந்தக் கல்லைப் பற்றிப் பேசியிருந்த ஐயா இப்போதுதான் நீதிபதியாக அதைப் பார்த்தார். பார்த்துவிட்டு, "ஆசனம் மாதிரிதான் இருக்கு" என்று என்னிடம் எழுதச் சொன்னார்.

பேச்சியம்மா கோபப்படவே இல்லை. "ஆசனம்னா ஒருதரம் ஒக்காந்து காட்டுங்கய்யா. நாங்களும் பாத்துக்கிடுறோம்" என்றாள்.

வரிசையில் யாரோ ஒருத்தி சிரித்தாள். சிரிப்பு வேலி நெடுகப் பரவியது. தொப்பி வைத்த மனிதரால் அதைத் தாங்க முடியவில்லை. தரையில் நின்று அந்தக் கல்லில் உட்கார முடியாது என்பது அவருக்குத் தெரியும். குதிரையைக் கல்லோடு ஒட்டி நிறுத்தினார். சேணத்திலிருந்து ஒரு காலைத் தூக்கி, உடம்பை நகர்த்தி, மூச்சுவாங்கிக்கொண்டு கல்லின்மேல் மாறி உட்கார்ந்துவிட்டார். கால் இரண்டும் அந்தரத்தில் தொங்கின. முகத்தில் அப்படி ஒரு வெற்றி.

"பார்த்தியா? ஒக்காந்துட்டேன். ஆசனம்தான்! எழுதிக்கய்யா. கோர்ட்டு இங்கதான். எதிரி குற்றவாளி. கோர்ட்டு கலையிற வரைக்கும் காவல் தண்டனை!"

கோர்ட் கலையும் வரை என்பது சிறிய தண்டனை. மாஜிஸ்திரேட் எழுந்து போகும் வரை குற்றவாளி அங்கேயே உட்கார்ந்திருக்க வேண்டும், அவ்வளவுதான். ஆனால் தண்டனை சிறியதானாலும் பாதை போய்விடும். பேச்சியம்மாவின் முகம் செத்துப்போனது. வேலியோரம் சிரிப்பு நின்றது.

அப்போதுதான் குதிரை, முதுகில் பாரம் இறங்கிவிட்டதென்று, ஏரியைப் பார்த்து நடையைக் கட்டியது. கருப்பையா பின்னால் ஓடினார். ஓடினால் குதிரையும் ஓடும் என்பது அவருக்குத் தோன்றவில்லை.

ஐயா கீழே குனிந்து பார்த்தார். பிடித்து இறங்க ஒன்றும் இல்லை. நானும் கான்ஸ்டபிளும் ஆளுக்கொரு காலைப் பிடித்தோம். படுக்கைக் கல் லேசாக ஆடியது. "விடுங்கய்யா, கல்லோட வந்துருவேன்!" என்று அலறினார். மானேஜர், ஏணி கொண்டுவருகிறேன் என்று ஜீப்பை எடுத்துக்கொண்டு போனார். அவர் போனதும் மூடுபனி இறங்கியது, பின்னாலேயே தூறலும். ஏணியும் வரவில்லை, மானேஜரும் வரவில்லை. ஆரஞ்சுக் கூடை மட்டும் தவறாமல் வரும் வீட்டுக்காரருக்கு ஓர் ஏணி அனுப்ப ஆளில்லை.

பேச்சியம்மா என்னிடம் கேட்டாள். "கிளார்க்கய்யா, கோர்ட்டு கலையிறதுன்னா என்னய்யா?"

"ஐயா எந்திரிச்சுப் போறதும்மா."

அவள் மேலே பார்த்தாள். ஐயாவும் அவளைப் பார்த்தார்.

"அப்ப நான் இங்கதானே இருக்கணும்" என்று சொல்லி, முந்தானையைத் தலைக்குமேல் இழுத்துவிட்டுக்கொண்டு கல்லடியில் உட்கார்ந்தாள்.

தூறல் வலுத்தது. தொப்பியின் விளிம்பிலிருந்து ஐயாவின் மடியில் தண்ணீர் சொட்டியது. சுமையோடு நின்ற பெண்களில் ஒருத்திகூட நகரவில்லை. வெகுநேரம் கழித்து, நான் அதுவரை கேட்டிராத ஒரு சின்னக் குரல் மேலேயிருந்து வந்தது.

"ஏம்மா... நீங்கள்லாம் சொமை எறக்கிப் பழகினவங்கதானே? வெரசா ஒரு கை குடுக்கக்கூடாதா?"

"குடுக்கலாம்யா. சொமை எறக்குறது எங்க சோலிதானே" என்றாள் பேச்சியம்மா. "ஆனா நீங்க ஆசனத்துலயில்ல ஒக்காந்திருக்கீக. ஆசனத்துல ஒக்காந்தவுகள எறக்கி எங்களுக்குப் பழக்கமில்ல. சொமைதாங்கின்னா சொல்லுங்க, எறக்குறோம்."

ஐயாவின் நெற்றி சுருங்கியது. அவருக்குள்ளே வக்கீல் விழித்துக்கொண்டதை என்னால் கண்ணால் பார்க்க முடிந்தது. "ஏய்யா, தீர்ப்புல நான் இன்னும் கையெழுத்துப் போடலையில்ல?" என்றார்.

"போடலைங்க."

"அப்ப அது தீர்ப்பே இல்ல. கிழிச்சுப் போடு. எழுதிக்க."

கட்டுகள் நனையாமலிருக்கக் கான்ஸ்டபிள் விரித்திருந்த குடைக்கடியில் பேனாவைத் திறந்தேன். அந்த உடம்புக்குள் இருந்த வக்கீலும் வேட்பாளரும் நீதிபதியும் அன்றுதான் முதல்முறையாக ஒன்றைப் பேசினார்கள். அவர் நனைந்துகொண்டே சொல்லச் சொல்ல எழுதினேன். 'இக்கல் சுமைதாங்கி ஆகும். இதில் மனிதர் உட்கார இயலாது. உட்கார்ந்தால் இறங்க இயலாது என்பதை இக்கோர்ட் நேரில் கண்டது. ஆட்கள் நடமாடாத இடத்தில் யாரும் சுமைதாங்கி நடுவதில்லை. ஆகவே இங்கு பாதை உண்டு. எதிரி தன் வழியில் நடந்தவர். விடுதலை.' தொடையில் அட்டையை வைத்துக் கையெழுத்தும் போட்டார்.

பேச்சியம்மாவும் இன்னொருத்தியும் சும்மாட்டைத் தோளில் வைத்துக்கொண்டு கல்லுக்கு முதுகு கொடுத்து நின்றார்கள். மூட்டையை வாங்குவதுபோல அவரை வாங்கித் தரையில் நிறுத்தினார்கள். "எங்கக்கா இம்புட்டுப் பாரம் தாங்கினதில்லய்யா" என்றாள் பேச்சியம்மா. சொல்லும்போது அழுதுகொண்டிருந்தாள். நானும்தான். கோர்ட் கலைந்தது. பெண்கள் சுமையோடு வேலிக்குள் நுழைந்து, எங்களைத் தாண்டிச் சந்தைக்குப் போனார்கள்.

முன்சீப் கோர்ட்டுத் தீர்ப்பு கீழே அலமாரியில் அப்படியே இருந்தது. மேலே கம்பிவேலியில் ஓர் ஆள் நுழையும் இடைவெளியும் இருந்தது. அதன்பின் யாரும் புகார் கொடுக்கவில்லை. ஐயா மட்டும் இந்தக் கதையைத் தன் பன்றிக் கதையாக்கிக்கொண்டார். குதிரைமேல் போனேன், நேரில் பார்த்தேன், ஏழைக்குப் பாதை கொடுத்தேன் என்று சாகும்வரை சொன்னார். ஏறியதைச் சொன்னார். இறங்கியதை ஒருநாளும் சொல்லவில்லை. மலரின் அட்டையிலும் 'பாதை தந்த பெருமகன்' என்றுதான் போடப்போகிறார்களாம்.

இந்த இடத்தில் முடித்திருப்பேன். போன வாரம் விழா ஏற்பாடுகளைப் பார்க்கக் கோர்ட்டுக்குக் கூட்டிப்போனார்கள். பேத்துப்பாறைப் பக்கம் ஜீப் ரோடு போட்டபோது சுமைதாங்கியைப் பிடுங்கியிருக்கிறார்கள். ஐயாவின் சரித்திரத்தோடு சம்பந்தப்பட்ட கல் என்று யாரோ சொல்ல, வக்கீல்கள் லாரி வைத்து அதைக் கொண்டுவந்திருக்கிறார்கள். கோர்ட் வாசலில், முழங்கால் உயரத்துக்கு இரண்டு செங்கல் திண்டு கட்டி, அதன்மேல் அந்த நீளக் கல்லைப் படுக்க வைத்து, சிமெண்டு பூசி, 'சிங்காரவேலு நினைவு ஆசனம்' என்று பெயரும் பொறித்தாயிற்று. இரண்டு பேர் அதில் உட்கார்ந்து வேர்க்கடலை தின்றுகொண்டிருந்தார்கள்.

சந்தை நாள். தலையில் பீன்ஸ் கூடையோடு பேச்சியம்மா அந்த வழியாக வந்தாள். நரைத்துவிட்டாள். கல்லைப் பார்த்ததும் அவளுக்கு அடையாளம் தெரிந்துவிட்டது. அருகில் வந்து நின்றாள். பொறித்திருந்த எழுத்தை அவளால் படிக்க முடியாது. படித்துச் சொல்ல எனக்கும் வாய் வரவில்லை. சுமையை இறக்க எண்ணி, பழைய பழக்கத்தில் கல்லோரம் கழுத்தைச் சாய்த்தாள். கல் எங்கோ கீழே கிடந்தது.

"கிளார்க்கய்யா," என்றாள், "ஒரு கை புடிங்கய்யா. எறக்கணும்."